படிப்பகச் சங்க ஆண்டறிக்கை 2024–25

தலைவர் அவர்களுக்கும், பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும், பின்வரிசைப் பாயில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளுக்கும் வணக்கம்.

வழக்கமான வேலைகளை முதலில் சொல்லிவிடுகிறேன். மாலை டியூஷன் தடையில்லாமல் நடந்தது. ஒழுகிய கூரைக்குப் புதுத் தகரம் போட்டாயிற்று. கேரம் போர்டு இரண்டையும் மாற்றினோம். செயற்குழு மாதாமாதம் கூடியது. டிசம்பரில் மட்டும் தெருவில் தண்ணீர் நின்றதால் கூட முடியவில்லை. விவரம் வேண்டுபவர்கள் கூட்டம் முடிந்ததும் பதிவேட்டைப் பார்க்கலாம். இந்த வருஷ அறிக்கையில் பெரும்பகுதி மீத்தேன் என்ற எரியும் வாயுவைப் பற்றியது. பிள்ளைகளின் ஞாயிற்றுக்கிழமை அறிவியல் வகுப்பில் தொடங்கிய விஷயம், கடைசியில் நம் தெருச் சாக்கடை மூடி வரைக்கும் வந்துவிட்டது.

எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன் கொண்டுவந்து காட்டிய வீடியோதான் ஆரம்பம். ஒருவர் ஈரக் கையில் மீத்தேன் நிரம்பிய சோப்பு நுரையை அள்ளிக்கொள்கிறார். இன்னொருவர் கொளுத்துகிறார். தீ ஆள் உயரம் எழும்பி அணைகிறது, கை சுடவில்லை. "நாமும் செய்யலாமா சார்?" என்று கேட்டான். நம் வேதியியல் வாத்தியார் ஐயா ஓய்வு பெற்றவர், நாற்பது வருஷம் சோதனைக்கூடத்தில் நின்றவர். "கையில் வைத்து யாரும் கொளுத்தப் போவதில்லை. அந்த வாயுவை நாமே உண்டாக்கிப் பார்ப்போம், வா" என்றார்.

இரண்டு 20 லிட்டர் தண்ணீர் கேன் எடுத்தோம். பக்கத்துக் கொட்டகையில் சாணம் கிடைத்தது. சாணமும் தண்ணீரும் சரிபாதி கரைத்து ஊற்றி, வாயை இறுக அடைத்து, ஒரு குழாயை சைக்கிள் டியூபில் மாட்டினோம். நான்காம் நாளே டியூப் லேசாக உப்பியது. பிள்ளைகளுக்குத் தலைகால் புரியவில்லை. ஆனால் வாயுவைப் பிடித்து நெருப்பைக் காட்டினால் குச்சி அணைந்துபோனது. முதலில் வருவது பெரும்பாலும் கரியமில வாயு, காற்றே புகாத இடத்தில் வாழும் நுண்ணுயிர்கள் பெருகிய பிறகுதான் மீத்தேன் வரும் என்றார் ஐயா. டியூபைக் காலி செய்துவிட்டுக் காத்திருந்தோம். மூன்று வாரம் கழித்து நீலமாகப் பற்றியது.

அப்புறம் நுரை. சோப்புக் கரைசலில் வாயுவை விட்டால் குமிழி வந்தது, ஆனால் மேலே போகாமல் தரையில் விழுந்தது. ஏழாம் வகுப்புப் பெண் ஒருத்திதான் அதைக் கவனித்துக் கேட்டாள். மீத்தேன் காற்றைவிடக் கிட்டத்தட்டப் பாதி எடைதான், பறந்திருக்க வேண்டும். ஆனால் சாண எரிவாயுவில் ஏறக்குறைய 60 சதவீதம்தான் மீத்தேன், மீதியில் பெரும்பாலும் கரியமில வாயு. அது கனமானது, இழுத்துப் பிடித்துவிடுகிறது. வெள்ளையடிக்கும் சுண்ணாம்பைப் பால்போலக் கரைத்து அதன் வழியாக வாயுவைக் குமிழியிடச் செய்தோம். சுண்ணாம்பு கரியமில வாயுவைப் பிடித்துக்கொண்டது. அடுத்த குமிழி எங்கள் தலைக்கு மேல் ஏறியது. ஐயா நீளமான குச்சியில் நெருப்பை எடுத்துப்போய்த் தொட்டார். சத்தமே இல்லாமல் மஞ்சளாக ஒரு பந்து, அவ்வளவுதான். அந்தப் பெண் கேட்ட கேள்விக்காகவே இந்த வருஷம் நடத்திய அத்தனை வகுப்பும் தகும் என்று நான் நினைக்கிறேன்.

ஆனால் பெரியவர்கள் எல்லாரும் பார்த்திருக்க வேண்டியது தகர டப்பா சோதனைதான். மூடி போட்ட பழைய பிஸ்கட் டப்பா. மேலே ஒரு ஓட்டை, அடியில் ஒரு ஓட்டை. சுண்ணாம்பில் கழுவிய வாயுவை உள்ளே நிரப்பிவிட்டு, குழாயை எடுத்துத் தூர வைத்துவிட்டு, மேல் ஓட்டையில் கொளுத்தினார் ஐயா. எல்லாரும் பதினைந்து அடி தள்ளி நின்றோம். விளக்குத் திரிபோல மஞ்சள் சுடர் அமைதியாக எரிந்தது. வாயு மேலே போகப் போக அடி ஓட்டை வழியாகக் காற்று உள்ளே ஏறுகிறது. சுடர் குட்டையானது, நீலமானது, கண்ணுக்கே தெரியாமல் போனது. "அணைஞ்சிடுச்சு" என்று ஒருவன் முன்னால் ஓடப் பார்த்தான். சட்டையைப் பிடித்து இழுத்தேன். அடுத்த நொடி டமார் என்று மூடி கூரைத் தகரத்தில் போய் அடித்தது.

டப்பா நிறைய மீத்தேன் இருந்தபோது வெடிக்கவில்லை. பாதிக்கு மேல் காற்று புகுந்தபோதும் வெடிக்கவில்லை. காற்றில் மீத்தேன் 5 சதவீதத்திலிருந்து 15 சதவீதத்துக்குள் இருந்தால்தான் அது வெடிக்கும். அதற்குக் குறைந்தாலும் கூடினாலும் வெடிக்காது. பத்து சதவீதத்தை ஒட்டி இருக்கும்போது அடி பலமாக இருக்கும். நிறைந்திருக்கும் வாயுவைவிட, மூடிய இடத்தில் காற்றோடு கலந்துகொண்டிருக்கும் வாயுவுக்குத்தான் நாம் பயப்பட வேண்டும். இந்தச் சோதனையை வீட்டில் செய்யக் கூடாது என்று பிள்ளைகளிடம் கையெழுத்து வாங்கி வைத்திருக்கிறோம்.

ஆகஸ்டில் ரெட்டேரிக்குப் போனோம். கரையோரச் சேற்றை மூங்கில் கழியால் கிளறினால் குமிழி குமிழியாக வரும். தண்ணீருக்குள் கவிழ்த்த புனலும் பாட்டிலும் வைத்துப் பிடித்தோம். 1776இல் இத்தாலியின் மஜோரே ஏரியில் அலெசாண்ட்ரோ வோல்டா சேற்றைக் கிளறி இதே மாதிரிதான் பிடித்தார். பேட்டரி கண்டுபிடித்த அதே வோல்டா. இருட்டும் நேரத்தில் பாட்டில் வாயில் நெருப்பைக் காட்டினால், மெல்லிய நீலச் சுடர் ஒன்று பாட்டிலுக்குள் இறங்கிப் போனது. பெரியவர்களும் பேச்சை நிறுத்திவிட்டார்கள்.

துணைக்கு வந்திருந்த ஆயா ஒருவர் அப்போதுதான் வாயைத் திறந்தார். பொன்னேரிப் பக்கம் பிறந்தவர். சின்ன வயதில் ஏரிக்கரையில் தீ எழும்பி எழும்பி அணைவதைத் தூரத்திலிருந்து பார்த்ததாகவும், கொள்ளிவாய்ப் பிசாசு என்று வீட்டுக்கு ஓடியதாகவும் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. அவர் கண்ட வெளிச்சத்தை நான் நம்புகிறேன். சதுப்பு வாயுதான், அதாவது சேற்றிலிருந்து வரும் இந்த மீத்தேன்தான், அதற்குக் காரணம் என்று பலரும் சொல்கிறார்கள். ஆனால் மீத்தேன் தானாகப் பற்ற 540 டிகிரி செல்சியஸ் அளவுக்குச் சூடு வேண்டும். ஏரிக்கரையில் நெருப்பு வைத்தது எது என்பதில் விஞ்ஞானிகளே இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை.

எண்ணூர்க் கழிமுகச் சேற்றிலும் முயன்றோம். அழுகிய முட்டை நாற்றம்தான் வந்தது, பாட்டில் பற்றவில்லை. கடல் தண்ணீரில் சல்பேட் என்ற உப்பு நிறைய இருப்பதால் அதைக் கொண்டு மூச்சுவிடும் கிருமிகள் இரைக்கு முந்திக்கொள்கின்றன. மீத்தேன் உண்டாக்கும் கிருமிகளுக்கு இரை குறைந்துவிடுகிறது. அதே எண்ணூரில், காமராஜர் துறைமுகத்தில் மீத்தேன் கப்பல் கப்பலாக வந்து இறங்குகிறது. மைனஸ் 162 டிகிரிக்குக் குளிரவைத்துத் திரவமாகக் கொண்டுவருகிறார்கள். வாயுவாக 600 லிட்டர் இருப்பது திரவமாக ஒரு லிட்டர்.

இனி நம் தெரு விஷயம். அக்டோபர் மழையில் பாதாள சாக்கடை அடைத்துக்கொண்டது உங்களுக்கு நினைவிருக்கும். அடைப்பு எடுக்க இரண்டு பேரை அனுப்பினார்கள். அனுப்பியவர் யார் என்பதை இங்கே எழுதவில்லை, எழுத்து மூலமாகப் புகார் கொடுத்தாயிற்று. மூடியைத் திறந்ததும் மேற்பார்வை பார்த்தவர், கேஸ் இருக்கிறதா என்று தெரிந்துகொள்ளக் காகிதத்தைக் கொளுத்தி உள்ளே போடச் சொன்னார். டப்பா சோதனை பார்த்த நம் பையன்கள் மூன்று பேர் அங்கே நின்றிருந்தார்கள். ஓடிப்போய்க் குறுக்கே நின்று கத்தியிருக்கிறார்கள். நான் போய்ச் சேர்ந்தபோது அந்தத் தொழிலாளி தீப்பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு யார் பேச்சைக் கேட்பது என்று தெரியாமல் முழித்துக்கொண்டிருந்தார். இருபத்தைந்து வயதுகூட இருக்காது. காலில் செருப்பு இல்லை.

காகிதம் எரிந்தால் கீழே பாதுகாப்பு என்று அர்த்தம் இல்லை. சாக்கடையில் மீத்தேனோடு, அழுகிய முட்டை நாற்றமுள்ள நச்சு வாயுவான ஹைட்ரஜன் சல்பைடும் இருக்கும். அது அதிகமானால் மூக்கு மரத்துப்போய் நாற்றமே தெரியாது. இறங்கியவர் மயங்கி விழுவார், தூக்கப் போனவரும் விழுவார். மனிதரை உரிய பாதுகாப்பு இல்லாமல் சாக்கடையில் இறக்குவதை 2013ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்திருக்கிறது. இறந்தவர் குடும்பத்துக்குத் தர வேண்டிய இழப்பீட்டை 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் 10 லட்சத்திலிருந்து 30 லட்சமாக உயர்த்தியது. அன்று மாலை இயந்திர வண்டி வரும் வரை தெருவே மூடியைச் சுற்றி நின்றது. நின்ற ஒவ்வொருவருக்கும் சங்கத்தின் நன்றி.

கொடுங்கையூர்க் குப்பைக்கிடங்கின் புகை பற்றிப் பெரும்பாலான உறுப்பினர்கள் கேட்டிருந்தீர்கள். மக்கும் குப்பை காற்றில்லாமல் அடியில் புதையும்போது நம் கேனில் வந்த அதே வாயுதான் வருகிறது. ஒரு கங்கு போதும். மேலே தண்ணீர் அடித்தாலும் ஆழத்தில் கனன்றுகொண்டே இருக்கும். 2022 ஏப்ரலில் பெருங்குடிக் கிடங்கு நாள்கணக்கில் எரிந்தது இப்படித்தான். அதே கொடுங்கையூரில் கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையத்தில் இந்த வாயுவைப் பிடித்து மின்சாரம் எடுக்கிறார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். காற்று படக் கிளறி மக்கவைத்தால் மீத்தேன் அதிகம் உண்டாகாது. அதனால் படிப்பகத்துக்குப் பின்னால் இரண்டு உரத்தொட்டி கட்டத் தீர்மானம் வைக்கிறோம். காய்கறிக் கழிவைத் தனியாகக் கொடுக்க இதுவரை 31 வீடுகள் பெயர் கொடுத்திருக்கின்றன.

சமையல் கேஸ் பற்றி ஒரு வார்த்தை. நம் சிலிண்டரில் இருப்பது மீத்தேன் இல்லை, புரொப்பேனும் பியூட்டேனும். அவை காற்றைவிடக் கனமானவை, கசிந்தால் தரையோடு தேங்கும். குழாய் வழியாக வரும் கேஸ் மீத்தேன், மேலே ஏறிக் கூரையடியில் நிற்கும். இரண்டுக்கும் இயல்பில் மணம் கிடையாது, நாம் முகரும் நாற்றம் சேர்க்கப்பட்டது. எதுவானாலும் கதவு ஜன்னலைத் திறங்கள், வால்வை மூடுங்கள், சுவிட்சைப் போடவும் வேண்டாம், அணைக்கவும் வேண்டாம்.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். சோதனைச் செலவில் பெரியது ரப்பர் குழாய்தான். கேனும் டப்பாவும் இனாம். எல்லாம் இப்போது பீரோவில் பூட்டியிருக்கிறது, சாவி வாத்தியார் ஐயாவிடம் மட்டும் இருக்கும்.

கார்த்திகை மாதம் ஒரு மாலை மறுபடி ரெட்டேரி போவதாக இருக்கிறோம். பொன்னேரி ஆயாவும் வர ஒப்புக்கொண்டிருக்கிறார். அவருக்கு முழங்கால் வலி என்பதால் போக வர ஆட்டோ செலவைச் சங்கம் ஏற்கும் என்று செயற்குழு ஒப்புதல் தந்திருக்கிறது. பொதுக்குழுவும் ஒப்புதல் தர வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்