பானு அத்தையாவுக்கு மதுரையிலிருந்து ஒரு கடிதம்

அன்புள்ள பானு அம்மா,

ஆஸ்கர் வாங்கிய முதல் இந்தியர் நீங்கள் என்பது பலருக்கும் தெரியும். ஆனால் அந்த ஆஸ்கரை வாங்கித் தந்த 'காந்தி' படத்துக்கு உடை அமைக்க என்ன பெரிய வேலை இருக்கிறது, வேட்டியும் கதரும்தானே என்று கேட்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஆடை வடிவமைப்பு படிக்கும் என் மாணவிகளே அப்படிக் கேட்டிருக்கிறார்கள். அந்தக் கேள்வி எனக்கு வலிக்கிறது. அதனால்தான் நீங்கள் மறைந்து இத்தனை நாள் கழித்தும் இதை எழுதுகிறேன்.

நான் மதுரைக்காரி. 1921 செப்டம்பர் 22 அன்று காந்தி சட்டையையும் தொப்பியையும் கழற்றிவிட்டு அரைவேட்டிக்கு மாறியது எங்கள் மேலமாசி வீதியில். சுடப்பட்ட அன்று அவர் உடுத்தியிருந்த, ரத்தக்கறை படிந்த துணி எங்கள் காந்தி அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஒரு மனிதர் எதை உடுத்துகிறார், எதை விடுகிறார் என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று இந்த ஊரில் வளர்ந்தவர்களுக்குத் தெரியும்.

மேலமாசி வீதி உங்கள் படத்தில் வராது. ஆனால் அந்த முடிவின் கனம் படம் முழுக்க இருக்கிறது. 1893-இல் தென்னாப்பிரிக்க ரயிலில் கோட்டும் டையுமாக உட்கார்ந்திருக்கும் இளம் வக்கீல். 1915-இல் பம்பாயில் கப்பலைவிட்டு இறங்கும்போது இந்திய உடை. அப்புறம் துணி குறைந்துகொண்டே போய், 1931-இல் லண்டன் குளிரிலும் அதே வேட்டி, மேலே ஒரு போர்வை. திரையில் ஆண்டைப் போடாவிட்டாலும் அவர் வாழ்க்கையில் எங்கே நிற்கிறார் என்று உடையை வைத்தே சொல்லிவிடலாம். அவரைச் சுற்றி நேருவும் பட்டேலும் கோட்டிலிருந்து கதருக்கு வருகிறார்கள். ஜின்னா சூட்டை விடாமல் நிற்கிறார். யார் காந்தியின் பக்கம் நகர்கிறார்கள், யார் விலகுகிறார்கள் என்பது வசனத்துக்கு முன்னால் துணியில் தெரிந்துவிடுகிறது.

பிரிட்டிஷ்காரர்களின் சீருடைகளை உங்களோடு உடை அமைத்த ஜான் மோலோ பார்த்துக்கொண்டார். இந்தியர்கள் உங்கள் பொறுப்பு. வெள்ளைக்குள் எத்தனை வெள்ளை! மில் துணி வேறு, கைராட்டைத் துணி வேறு. பணக்காரர் வீட்டுச் சலவை வேறு, ஏழை ஆற்றில் அலசிக் காயவைத்தது வேறு. எல்லாம் புதிதாகப் பளிச்சென்று இருந்திருந்தால் அந்தக் கூட்டத்தை யார் நம்பியிருப்பார்கள்?

இந்தக் கண் உங்களுக்கு ஓவியத்திலிருந்து வந்தது என்று நினைக்கிறேன். கோலாப்பூரில் ஓவியர் வீட்டில் பிறந்து, ஜே.ஜே. கலைப் பள்ளியில் படித்து, 1953-இல் பம்பாய் முற்போக்கு ஓவியர்கள் குழுவோடு உங்கள் படங்களையும் காட்சிக்கு வைத்தவர் நீங்கள். பத்திரிகைக்கு ஆடைச் சித்திரம் வரைந்து, 1956-இல் 'சி.ஐ.டி.' வழியாக சினிமாவுக்கு வந்தீர்கள். 1966-இல் 'ஆம்ரபாலி'யில் நம் வைஜயந்திமாலாவுக்கு அஜந்தா ஓவியங்களைப் பார்த்து உடை அமைத்தீர்கள். இரண்டே ஆண்டில் 'பிரம்மச்சாரி'யில் மும்தாஜின் ஆரஞ்சுப் புடவை. அதுவும் நீங்கள், இதுவும் நீங்கள்! அதற்கெல்லாம் பிறகு 'லேக்கின்', 'லகான்' இரண்டுக்கும் தேசிய விருது.

2012-இல் ஆஸ்கர் சிலையை அதைத் தந்த அகாடமியிடமே ஒப்படைத்தீர்கள். சாந்திநிகேதனிலிருந்து தாகூரின் நோபல் பதக்கமே திருடு போயிற்றே, இதற்கு என்ன பாதுகாப்பு என்று கேட்டீர்கள். உங்கள் மேல் எனக்கு வருத்தம் இல்லை. அப்படி ஒரு நிலையில் உங்களை வைத்த நம் மேல்தான். சிலைக்கே இந்தக் கதி என்றால் உடைகளை யார் நினைப்பார்கள்? படப்பிடிப்பு முடிந்ததும் அவை வாடகைக் கடைக்குப் போகின்றன, வேறு படத்துக்காகப் பிரித்துத் தைக்கப்படுகின்றன. பிலிம் சுருளைப் பாதுகாக்க இடம் தேடுகிறோம். உடைக்கும் ஓர் இடம் வேண்டும். சென்னையில் தொடங்கினால் கூடப் போதும்.

என்னால் முடிந்ததை நான் செய்கிறேன் அம்மா. இந்த ஆண்டு மாணவிகளுக்கு முதல் வேலையாக 'காந்தி' படத்தை ஒலியை அணைத்துவிட்டுப் பார்க்கச் சொல்லப்போகிறேன். யார் எந்தக் காட்சியில் உடை மாறுகிறார்கள், ஏன் என்று அவர்கள் எழுதி வர வேண்டும்.

அன்புடன்,
உங்கள் ரசிகை