மூக்கில் கேட்ட விசில் நின்றது: நன்றி மடல்

மூன்று வருடமாக என் மூச்சோடு கூடவே வந்த விசில் சத்தம் போன மாதம் நின்றது. நேரில் சொன்ன நன்றி எனக்குப் போதவில்லை, அதனால் எழுதுகிறேன்.

முதலில் ஆச்சிக்கு. கானாடுகாத்தானில் அவர்கள் வீட்டுக் கல்யாண வேலைக்குப் போய், ராத்திரி வளவில் படுத்திருந்தேன். "தம்பி, தூக்கத்துல மூக்கு விசிலடிக்குதே, டாக்டர்ட்ட காமிச்சியா?" என்று கேட்டது ஆச்சிதான். வீட்டில் நாங்கள் அதைச் சளி என்றே விட்டிருந்தோம்.

அப்புறம், காரைக்குடியில் என்னைப் பார்த்த டாக்டர் அம்மாவுக்கு. மூக்கைப் பார்க்கும் முன்பே, "என்ன வேலை பார்த்தீங்க?" என்றுதான் கேட்டார்கள். கோயம்புத்தூரில் ஒரு குரோம் பிளேட்டிங் பட்டறையில், உலோகத்துக்குக் குரோம் முலாம் பூசும் அமிலத் தொட்டிப் பக்கம் ஒன்பது வருடம் நின்றதைச் சொன்னேன். அங்கே மாஸ்க் கிடையாது, ஆவியை இழுக்கும் விசிறியும் கிடையாது. டாக்டர் அம்மா வலது மூக்கில் டார்ச் அடிக்க, இடது துவாரத்தில் வெளிச்சம் தெரிந்தது. அதைப் பார்த்து என் மனைவி அழுதுவிட்டாள். மூக்கின் நடுச்சுவரில் மிளகளவு ஓட்டை. மூச்சு அது வழியாகப் போகும்போதுதான் விசில் கேட்டிருக்கிறது.

அந்தச் சுவரில் இருக்கும் குருத்தெலும்புக்குத் தனியாக ரத்தக்குழாய் இல்லையாம். இரண்டு பக்கத்துச் சவ்வும்தான் அதற்குச் சோறு போடுகிறது. குரோமிக் அமில ஆவி பட்டு இரண்டு பக்கமும் ஒரே இடத்தில் புண்ணானால், நடுவில் இருப்பது செத்து உதிர்ந்துவிடும். காய்ந்த பக்கை நகத்தால் நான் பிய்த்ததும் ஓட்டையைப் பெரிதாக்கியிருக்கிறது. காரணம் தெரிந்தாகிவிட்டது என்று அவர்கள் அதோடு விடவில்லை. காசநோய் உண்டா, ரத்தக்குழாய் வீக்க நோய் உண்டா என்று சோதித்து, ஓரத்துச் சதையில் துளி எடுத்தும் பார்த்தார்கள். எதுவும் இல்லை.

உப்புத் தண்ணீரில் மூக்குக் கழுவச் சொல்லிக்கொடுத்த நர்ஸ் அக்காவை மறக்க முடியாது. கொதித்து ஆறிய தண்ணீர் கால் லிட்டர், உப்பு அரை டீஸ்பூன். முதல் நாள் புரையேறி நான் தவித்தபோது, தலையைப் பிடித்துக் குனியவைத்து, "வாயால மூச்சு விடுங்க" என்று பத்து தடவையாவது சொல்லியிருப்பார்கள். இரண்டு மாதத்தில், மூக்கில் அவ்வப்போது வந்துகொண்டிருந்த ரத்தம் நின்றது. அறுவை சிகிச்சை செய்தும் ஓட்டையை மூடலாம், ஆனால் இப்போதைக்கு இது போதும் என்று சிலிகான் பொத்தான் வைத்தார்கள். சட்டைக்கைப் பொத்தான் மாதிரி இரண்டு பக்கமும் தட்டு, நடுவில் தண்டு. அன்று ராத்திரியே சத்தம் இல்லை.

கடைசியாக, பட்டறையில் இன்னும் வேலை பார்க்கும் என் நண்பனுக்கு. நான் போனில் சொன்னதும் லீவு போட்டுவிட்டு மூக்கைக் காட்டியிருக்கிறான். புண்தான், ஓட்டை இல்லை. இப்போது தொட்டியை விட்டு பேக்கிங் பக்கம் மாறிவிட்டான். என் பேச்சைக் கேட்டு நீ போனாயே, ரொம்ப நன்றிடா.