டிசம்பர் வரை தள்ளாதே, பாப்பா

அன்புள்ள பாப்பா,

நேற்று போனில் "இரண்டடிதானேப்பா, டிசம்பரில் வரும்போது பார்த்துக்கலாம்" என்று நீ சொன்னதும் எனக்கு மேலே பேச வரவில்லை. ராத்திரி தூக்கமும் இல்லை, அதனால் எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

ராமமூர்த்தி நகரில் உன் சைட்டுக்குள், அதாவது உன் மனைக்குள், இரண்டடி நுழைந்து பக்கத்து சைட்காரர் தகர ஷெட் போட்டு 11 வருடம் முடியப் போகிறது. போன வாரம் போய்ப் பார்த்தேன். ஷெட்டை ஒட்டி ஹாலோ பிளாக் அடுக்கியிருக்கிறார், மணலும் வந்து இறங்கியிருக்கிறது. அடுத்தவர் இடத்தை உரிமை கொண்டாடி, ஊரறிய, இடைவிடாமல் ஒருவர் 12 வருடம் வைத்திருந்தால், அதை மீட்க வழக்குப் போடும் உரிமை மட்டுமல்ல, இடத்தின் மேல் நமக்கிருக்கும் உரிமையே போய்விடும். மாநகராட்சியின் சொத்துப் பதிவான கத்தாவும் வரி ரசீதும் உன் பெயரில் இருக்கிறது என்பதற்காக அந்தக் கணக்கு நிற்காது. மாப்பிள்ளை சொன்ன மாதிரி லாயர் நோட்டீஸ் அனுப்பலாம், ஆனால் நோட்டீஸ் அனுப்பினாலும் நாள் ஓடிக்கொண்டுதான் இருக்கும், கோர்ட்டில் வழக்கைத் தாக்கல் செய்தால்தான் நிற்கும். சுவர் எழும்பிய பிறகு ஸ்டே கேட்டுப் போனால் இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள் என்றுதான் ஜட்ஜ் முதலில் கேட்பார்.

விவேக் நகர் வீடு எப்படிக் கைவிட்டுப் போனது என்று உனக்கு முழுசாகச் சொன்னதில்லை. கே.ஜி.எஃப். தங்கச் சுரங்கத்தில் வேலையில் இருந்தபோது, எனக்குப் பதிலாகக் கையெழுத்துப் போட உன் பெரியப்பாவுக்கு பவர் எழுதிக் கொடுத்திருந்தேன். 2001-ல் சுரங்கத்தை மூடிவிட்டார்கள், கையில் காசில்லை, வீட்டை வைத்து ஏதாவது செய்யலாம் என்று 2003-ல் பெங்களூருக்கு வந்து இ.சி. (வில்லங்கச் சான்று) போட்டுப் பார்த்தால் வீடு எப்போதோ விற்றாகிவிட்டது. ஊருக்குத் திரும்பி அன்றைக்கே ஒரு இன்லாண்டு லெட்டர் எழுதினேன், "அண்ணா, கிரயப் பத்திரத்தைப் பார்த்துவிட்டேன், இப்படிச் செய்துவிட்டாயே" என்று. அப்புறம் சும்மா இருந்துவிட்டேன். பாட்டி உயிரோடு இருந்தாள், இரண்டு பிள்ளைகளும் கோர்ட்டில் நிற்பதை அவள் பார்க்க வேண்டாம் என்று நினைத்தேன். அவள் போன பிறகு 2008-ல்தான் வழக்குப் போட்டேன்.

மைசூர் பேங்க் சர்க்கிள் பக்கத்து சிவில் கோர்ட்டில் என்னைக் குறுக்கு விசாரணை செய்த அன்று, நான் அண்ணாவுக்கு எழுதிய அதே நீல இன்லாண்டு லெட்டரை என் முன்னால் நீட்டினார்கள். ஓரத்தில் எதிர்த் தரப்பு ஆவணம் என்பதற்கு டி-3 என்று எழுதி முத்திரை வைத்திருந்தது. "இது உங்கள் கையெழுத்துதானே?" என்றார் எதிர்த் தரப்பு வக்கீல். ஆமாம் என்றேன், வேறு என்ன சொல்ல? நான் கொடுத்த பவரை வைத்து எழுதிய பத்திரம் நானே எழுதியது போலத்தான், அதை ரத்து செய்யாமல் வீடு வராது. ரத்து கேட்கவோ, விஷயம் தெரிந்த நாளிலிருந்து 3 வருடம்தான். ஏமாற்று நடந்திருந்தாலும் தெரிந்த நாளிலிருந்து கணக்கு, அந்த நாளை என் கையாலேயே எழுதிக் கொடுத்திருந்தேன். அப்பீல் லேட்டானால் காரணம் சொல்லி மன்னிப்புக் கேட்கலாம், வழக்கே லேட் என்றால் அந்த வழி கிடையாது, எதிராளி வாயைத் திறக்காவிட்டாலும் கோர்ட்டே தள்ளுபடி செய்தாக வேண்டும் என்று நம் லாயர் வராண்டாவில் வைத்துச் சொன்னார். பாட்டிக்காகத்தான் பொறுத்தேன் என்று நான் சொன்னதை யாரும் பொய் என்று சொல்லவில்லை, தீர்ப்பில் அதற்கு இடமும் இல்லை.

சரி, நீ செய்ய வேண்டியது இதுதான். லாயர் வாசகம் எழுதி வாட்ஸ்அப்பில் அனுப்புவார். அதை பிரிண்ட் எடுத்து, டொராண்டோ இந்தியத் துணைத் தூதரகத்தில் அப்பாயின்ட்மென்ட் வாங்கி, அவர்கள் முன்னால் கையெழுத்துப் போட்டு என் பெயருக்கு பவர் அனுப்பு. இங்கே வந்து சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைக் கட்டணம் கட்டிவிட வேண்டும், அதை நான் பார்த்துக்கொள்கிறேன். சர்வேயரிடமும் பேசிவிட்டேன், திங்கட்கிழமை அளக்க வருகிறார். உன் கிரயப் பத்திரத்தின் அசல் உன்னிடமா, பேங்க் லாக்கரிலா என்று மட்டும் இன்றைக்கே சொல். அம்மாவுக்கு ஞாபகம் இல்லையாம்.

கூரியர் போட்டதும் அந்த ரசீதை போட்டோ எடுத்து அனுப்பு.

அப்பா
அல்சூர், பெங்களூரு