பாட்டு ஊரெங்கும் ஒலிக்கிறது, பங்கு எழுதியவருக்கு வருகிறதா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ராப் பாடல்களின் வணிக வெற்றியைப் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். எந்தப் பாடலை எத்தனை கோடிப் பேர் பார்த்தார்கள் என்று விரிவாகச் சொன்ன அக்கட்டுரை, வரிகளை எழுதியவர் கைக்கு அதில் என்ன வந்து சேர்ந்தது என்பதைத் தொடவே இல்லை. வட ஆற்காட்டுப் பகுதியில் வாழும் நமக்கு இது தொலைதூரத்துச் செய்தி அன்று.

2021 மார்ச்சில் வெளியான ‘எஞ்சாய் எஞ்சாமி’யை எழுதி, பாடகி தீயுடன் சேர்ந்து பாடிய அறிவு அரக்கோணத்துக்காரர். 2019 பிரிவினைக்கு முன் அது வேலூர் மாவட்டம், இன்று ராணிப்பேட்டை மாவட்டம். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தம் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்க்கையிலிருந்தும், நம் ஊர்ப் பெண்களின் ஒப்பாரியிலிருந்தும் அவர் எடுத்துக்கொண்ட சொற்கள் யூடியூபில் மட்டும் 40 கோடி முறைக்கு மேல் கேட்கப்பட்டிருக்கின்றன. 2022இல் சென்னையில் நடந்த செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அவர் இல்லாமலேயே அப்பாடல் மேடையேறியபோது, ஆக்கத்தில் யாருக்கு எவ்வளவு பங்கு என்ற சச்சரவு வெளியே வந்தது. 2024 மார்ச்சிலோ, பாடலைத் தயாரித்த சந்தோஷ் நாராயணன், அதன் வருவாயில் ஒரு காசுகூடத் தங்களுக்கு வரவில்லை என்று வெளிப்படையாகவே சொன்னார். யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்புக் கூற நான் முனையவில்லை. இவ்வளவு பெரிய வெற்றியில், இவ்வளவு பெயர் பெற்றவர்களுக்கே இந்த நிலை என்றால், பெயரே வெளியில் தெரியாத இளைஞர்களின் கதி என்ன என்பதுதான் என் கவலை.

இந்தச் சிக்கல் ராப் இசை விற்பனைக்கு வந்த நாளிலேயே தொடங்கியது. அமெரிக்க விற்பனைப் பட்டியலின் முதல் நாற்பதுக்குள் முதன்முதலாக நுழைந்த ராப் பாடல், 1979இல் வந்த ‘ராப்பர்ஸ் டிலைட்’. அதற்கு ஆதாரமான இசை ‘ஷீக்’ என்ற அமெரிக்க இசைக் குழுவினுடையது. அவர்கள் வழக்குத் தொடுப்போம் என்று எச்சரித்ததும், ஆக்கியோர் பட்டியலில் அவர்கள் பெயர் சேர்க்கப்பட்டது. அதே பாடலில் ஒருவர் பாடிய வரிகள் கிராண்ட்மாஸ்டர் காஸ் என்ற, நியூயார்க் நகரின் பிராங்க்ஸ் பகுதி இளைஞர் எழுதியவை. அவர் பெயரோ இசைத்தட்டில் இடம்பெறவில்லை. சட்டம் தெரிந்தவர்களுக்குப் பங்கு கிடைத்தது, தெரு முனையில் நின்று எழுதியவருக்குக் கிடைக்கவில்லை. நாற்பது ஆண்டு கழித்து, 2019இல், 19 வாரம் முதலிடத்தில் இருந்த ‘ஓல்ட் டவுன் ரோடு’ பாடலுக்கான பீட்டை, அதாவது பின்னணித் தாள இசையை, அதைப் பாடிய லில் நாஸ் எக்ஸ் இணையத்தில் 30 டாலருக்கு வாங்கினார். ஆனால் அந்தப் பீட்டை உருவாக்கிய நெதர்லாந்து இளைஞரின் பெயரும், அதில் கையாளப்பட்ட பழைய இசைத் துணுக்கைப் படைத்தவர்களின் பெயரும் ஆக்கியோர் வரிசையில் இன்று இருக்கின்றன. விதிமுறை இருந்து, அதைக் கேட்டுப் பெறும் பழக்கமும் இருந்தால் காரியம் நடக்கும்.

நம் ஊரிலும் அந்தப் பழக்கம் ஒரு காலத்தில் வேறு வடிவில் இருந்தது. பழைய வட ஆற்காட்டைச் சேர்ந்த புரிசையைப் போன்ற ஊர்களின் தெருக்கூத்தில், விடியும் வரை சொல்லை அடுக்கி ஆடுகிறவர்களுக்கு யாராவது அன்பளிப்புக் கொடுத்தால், கூத்தை நடத்திச் செல்லும் கட்டியக்காரன் ஆட்டத்தை நிறுத்தி, கொடுத்தவர் இன்னார், தொகை இவ்வளவு என்று ஊரறியச் சொல்வார். காசு எங்கிருந்து வந்து யாரிடம் போகிறது என்பது சபைக்குத் தெரியும். இன்றைய பாட்டு வணிகத்தில் அந்தக் கணக்கு பாடியவர் கண்ணுக்கே தெரிவதில்லை.

நான் காட்பாடியில் தமிழ் கற்பிப்பவன். வகுப்பின் கடைசி வரிசையில் இருப்பவர்கள் நோட்டின் பின்பக்கத்தில் எழுதும் சொல்லிசை, அதாவது ராப், வரிகளை என்னிடம் காட்டுவார்கள். ஆம்பூர்ப் பக்கத்து மாணவர் ஒருவர், விடிகாலையில் கம்பெனி பஸ் ஏறிப் போய் ஷூ தைக்கும் தம் தாயைப் பற்றி எழுதிய பாடல், எதுகை தவறாமல், வலி குறையாமல் அமைந்திருந்தது. அதை ஒரு ஒலிப்பதிவுக் கூடத்துக்குக் கொடுத்தபோது அவர் கையெழுத்திட்ட தாளைப் பிறகு பார்த்தேன். ஆங்கிலத்தில் ஒரே பக்கம்: உலகம் முழுவதற்கும், என்றென்றைக்கும், எல்லா உரிமையும் ஒப்படைக்கப்பட்டது, இனிக் கோரிக்கை எதுவும் இல்லை என்றிருந்தது. வீடியோவில் பெயர் வரும் என்ற மகிழ்ச்சியில் அவர் அதைப் படிக்கவில்லை.

அந்தத் தாள் சொல்வது முழுவதும் சட்டப்படி செல்லாது என்பது பெரும்பாலான இளைஞர்களுக்குத் தெரியாது. ஜாவேத் அக்தர் போன்ற பாடலாசிரியர்கள் விடாமல் போராடியதன் பயனாக, 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் 2012இல் திருத்தப்பட்டது. அதன்படி, திரைப்படப் பாட்டானாலும் தனிப்பாட்டானாலும், வரிகளையும் இசையையும் ஆக்கியவர்கள் பாட்டு பயன்படும்போது வரும் தொகையான ராயல்டியில் சமபங்கு பெறும் உரிமையை, சட்டபூர்வ வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ அல்லாமல் வேறு எவருக்கும் எழுதிக்கொடுக்க முடியாது. அதற்கு மாறான ஒப்பந்தம் செல்லாது. உரிமை ஒப்படைப்பில் காலம் குறிக்கப்படாவிட்டால் அது ஐந்து ஆண்டுதான், எல்லை குறிக்கப்படாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டுந்தான். ராயல்டியைத் திரட்டிப் பங்கிட ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கம் 1969 முதல் இயங்கி வருகிறது. அதில் உறுப்பினராகாமல் எழுதிக்கொண்டே இருப்பவர்கள்தாம் நம் பக்கத்தில் அதிகம்.

சொல்லிசை தமிழைக் கெடுக்கிறது என்று வருந்தும் பெரியவர்களோடு எனக்குச் சண்டையில்லை. ஆயினும் 1994இல் ‘பேட்டை ராப்’ வந்த காலத்திலிருந்து கேட்கும் அந்தக் குறையைவிட, எழுதியவன் ஏமாறுவது எனக்குப் பெரிதாகப் படுகிறது.

ஆகவே தங்களிடம் ஒரு வேண்டுகோள். பதிப்புரிமைச் சட்டத்தின் 18, 19ஆம் பிரிவுகளை எளிய தமிழில், ஒரு மாதிரி ஒப்பந்தத்தோடு சேர்த்துத் தங்கள் நாளிதழில் வெளியிடுங்கள். வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டக் கல்லூரிகள், கலைவிழாக்களில் ராப் போட்டி வைத்துப் பரிசு கொடுப்பதோடு நில்லாமல், அதே நாளில் வழக்கறிஞர் ஒருவரை அழைத்து, மாணவர்கள் கொண்டுவரும் ஒப்பந்தத் தாள்களை ஒரு மணி நேரமாவது படித்துச் சொல்லச் செய்யட்டும். அந்த வெளியீடு வந்த அன்றே அதன் படிகளை என் வகுப்பில் விநியோகிக்கக் காத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
காட்பாடி, வேலூர் மாவட்டம்.