பந்தல் காசில் வேன் பிடியுங்கள்

நம்ம குப்பத்து நிர்வாகிகளுக்கு வணக்கம்.

டிசம்பர் 26, சுனாமி நினைவு நாள் வரப்போகிறது, பந்தல், மைக் செட், பேனர் என்று பேச்சு ஆரம்பித்துவிட்டதாகக் கேள்விப்பட்டேன். போன வருஷம் ஒரு கட்சிக்காரருக்காகப் பால் சொம்போடு நின்ற அம்மாக்களை வெயிலில் காக்க வைத்தீர்களே, அது இந்தத் தடவை வேண்டாம் அண்ணே. அவர் வரட்டும், மாலை போடட்டும், யார் வேண்டாம் என்றது? ஆனால் கடலில் முதல் பால் பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டுக்காரர்கள் ஊற்றுவதுதான் முறை.

2004-இல் அது ஞாயிற்றுக்கிழமை, மார்கழிப் பௌர்ணமி. அன்று காலை நடந்ததை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதற்கப்புறம் நடந்ததைத்தான் நாம் பேசுவதே இல்லை. வடசென்னைக் கடலோரக் குடும்பங்கள் நிறைய பேரைத் திருவொற்றியூர் கார்கில் நகர்க் கொட்டகைகளில் வைத்தார்கள், அங்கே மழைத்தண்ணீர் புகுந்தது, பிறகு செம்மஞ்சேரிக்கு அனுப்பிவிட்டார்கள். சென்னையின் அந்தக் கோடி. மீன் கூடையைத் தூக்கிக்கொண்டு பஸ் மாறி மாறி எத்தனை நாள் வர முடியும்?

இங்கேயே தங்கிவிட்ட எங்களுக்கு, கவுன்சிலிங் என்று யாரும் வராவிட்டாலும், கருவாடு காயப்போடும் இடத்தில் உட்கார்ந்து "உன் பையன் இருந்திருந்தா இந்நேரம் கல்யாணம் ஆயிருக்கும்" என்று சொல்லிச் சேர்ந்து அழ ஆள் இருந்தது. செம்மஞ்சேரிக்குப் போனவர்களுக்கு அது இல்லை, அங்கே எதிர்வீட்டுக்காரருக்கு இவர்கள் யாரை இழந்தார்கள் என்பதே தெரியாது. உடல் கிடைக்காத வீடுகளின் பாடு இன்னும் மோசம், பதினாறாம் நாள் காரியத்தைக்கூட மனசு ஒப்பிச் செய்யவில்லை. சில வீடுகளில் பௌர்ணமி பார்த்துத் திதி, சில வீடுகளில் 26-ஆம் தேதி, சில வீடுகளில் எதுவுமே இல்லை.

ஆறிப்போன விஷயம் என்று மட்டும் சொல்லாதீர்கள். 2023-இல் அதே டிசம்பர் 26 நள்ளிரவு எண்ணூரில் அம்மோனியா கசிந்து பெரியகுப்பத்து ஜனம் மூச்சுத் திணறி ஓடியதே, அதில் எத்தனையோ பேர் ஏற்கெனவே ஒரு தடவை ஓடியவர்கள்.

அதனால் பந்தல் காசில் வேன் பிடித்து செம்மஞ்சேரிக்காரர்களைக் கூட்டி வாருங்கள். உடல் கிடைக்காதவர்களையும் சேர்த்து எல்லார் பெயரையும் வாசிக்க வேண்டும், பெண்கள் வாசிக்கட்டும், இதில் கௌரவம் பார்க்காதீர்கள். யார் எங்கே இருக்கிறார்கள் என்று தெரியாவிட்டால் மீன் விற்கும் அக்காக்களைக் கேளுங்கள், பிளாக் நம்பரோடு சொல்வார்கள். வேன் மட்டும் விடிகாலையிலேயே கிளம்பிவிட வேண்டும், ஓஎம்ஆர் ரோட்டு டிராபிக் தெரியுமில்லையா!