பதிவு பெறாத மனைத் தரகர் மீது நடவடிக்கை எடுக்கக் கோரி மீண்டும் ஒரு மனு

பெறுநர்:
மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்.

பார்வை: மக்கள் குறைதீர்க்கும் நாள் கூட்டத்தில் நாங்கள் அளித்த முந்தைய மனுக்கள்.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். பெரிய ஏரியின் கலங்கலுக்குக் கீழே, பைபாஸ் சாலையை ஒட்டிச் சிவப்புக் கொடிகள் நட்டிருக்கும் நிலம் தாங்கள் அறிந்ததே. மழைக்காலத்தில் கரையைப் பார்வையிட வந்தபோது தங்கள் வாகனம் நின்றது அதன் ஓரத்தில்தான். அந்த நிலத்தைக் கூறுபோட்டு விற்கும் தரகரைப் பற்றி முன்பே மனு கொடுத்தோம். உரிய அலுவலருக்கு அனுப்பப்பட்டதாகக் குறுஞ்செய்தி வந்தது. அதன் பிறகு எந்த அலுவலரும் வரவில்லை.

1. 2016ஆம் ஆண்டின் ரியல் எஸ்டேட் சட்டம், 9ஆம் பிரிவின்படி, ரெரா எனப்படும் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தில் பதிவு பெறாத தரகர் இத்தகைய மனைகளை விற்றுத் தரக் கூடாது. ரெரா இணையதளத்தில் அவர் பெயரும் இல்லை, மனைப்பிரிவின் பெயரும் இல்லை. விளம்பரப் பலகையில் மட்டும் ‘ரெரா அங்கீகாரம் பெற்றது’ என்று பெரிதாக எழுதியிருக்கிறது. பதிவு எண் இருக்க வேண்டிய இடத்தில் அவருடைய கைப்பேசி எண்தான் இருக்கிறது.

2. நகர் ஊரமைப்புத் துறையின் அனுமதியும் இல்லை.

3. அனுமதி இல்லாத மனை என்பதால், பதிவுச் சட்டம் 22-ஏ பிரிவின்படி பத்திரம் பதிய முடியாது என்று சார்பதிவாளர் அலுவலகத்தில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். கொடுத்த முன்பணத்தைத் திருப்பிக் கேட்டால், “அப்ரூவல் வந்துகொண்டிருக்கிறது” என்கிறார் தரகர். எங்கள் கையில் இருப்பது ரப்பர் முத்திரை குத்திய ஒரு துண்டுச் சீட்டு. அந்தச் சீட்டுக்காக என் மகளின் கல்யாணத்துக்கென்று சிறுகச் சிறுகச் சேர்த்த ஐந்து பவுன் ஆரத்தைக் கூட்டுறவு வங்கியில் அடகு வைத்தேன். வட்டியை மட்டும் கட்டிக் கடனைத் திருப்பித் திருப்பி வைத்தோம். இப்போது அதற்கும் வழியில்லை. நகையின் எடை, கடன் எண், ஏல நாள் எல்லாம் அச்சிட்டுத் தபாலில் நோட்டீஸ் வந்துவிட்டது. கையெழுத்துப் போட்டு வாங்கியவள் என் மகள். தை மாதம் அவளுக்குக் கல்யாணம். மாப்பிள்ளை வீட்டாருக்கு நான் என்ன பதில் சொல்வது ஐயா?

4. தரகரோ ஞாயிற்றுக்கிழமைதோறும் வேன் வைத்துப் புதிய குடும்பங்களை அழைத்துவருகிறார். சாப்பாடு போட்டு முன்பணம் வாங்குகிறார். எல்லோர் கண்ணெதிரிலும் நடக்கிறது! தடுக்க ஒருவருமே இல்லையா?

மனுவை ஒரு மேசையிலிருந்து இன்னொரு மேசைக்கு அனுப்புவது நடவடிக்கை ஆகுமா? பதிவில்லாத தரகருக்கு நாளொன்றுக்கு 10,000 ரூபாய், மொத்தத்தில் மனை மதிப்பில் 5 சதவீதம் வரை அபராதம் விதிக்கலாம் என்று ரியல் எஸ்டேட் சட்டத்தின் 62ஆம் பிரிவு சொல்கிறது. சட்டம் இருக்கிறது ஐயா. அதைக் கையில் எடுக்கத்தான் ஆள் இல்லை.

கடுமையாக எழுதியிருந்தால் பொறுத்தருள வேண்டுகிறேன். விற்பனையை உடனே நிறுத்தவும், ரெரா ஆணையத்துக்கும் காவல்துறைக்கும் தங்கள் பரிந்துரையுடன் புகாரை அனுப்பவும், எங்கள் பணத்தை மீட்டுத் தரவும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். ஏல நாளுக்கு முன் ஒரு முறையாவது அந்தத் தரகரை அழைத்து விசாரியுங்கள் ஐயா.

இணைப்பு: முன்பணச் சீட்டுகள், விளம்பரப் பலகையின் படம், ஏல நோட்டீஸ் நகல்.

இப்படிக்கு,
மனுதாரரும் பாதிக்கப்பட்ட குடும்பத்தினரும்