தொலைநோக்கி பாஸ்டன் வரை எட்டாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 1951-ல் நியூயார்க் ஜயன்ட்ஸ் பேஸ்பால் அணி நேஷனல் லீக் பட்டத்தைப் பிடித்த கதையைச் சென்ற இதழில் வெளியிட்டிருந்தீர்கள். பதின்மூன்றரை ஆட்டம் பின்தங்கிக் கிடந்த அணி, எதிரணியின் சைகைகளை (எந்த வகைப் பந்து போடுவது என்று கேட்சர், அதாவது பேட்டருக்குப் பின்னால் நிற்பவர், பந்து வீச்சாளருக்கு விரலால் காட்டுவது) தொலைநோக்கியில் திருடி ஜெயித்தது, முன்னணியில் இருந்த புரூக்ளின் டாட்ஜர்ஸ் கடைசியில் சரிந்து விழுந்தது என்பதுதான் கட்டுரையின் சாரம். சைகை திருடியது உண்மை. மற்றது கணக்குக்கு ஒத்துவரவில்லை.

முதலில் அந்தப் பதின்மூன்றரை. அரை ஆட்டம் எங்கிருந்து வந்தது என்று கிரிக்கெட் பழகிய வாசகர்கள் குழம்பியிருப்பார்கள். அன்று நேஷனல் லீகில் 8 அணிகள். ஒவ்வொன்றும் மற்ற ஏழோடும் 22 முறை மோதும். 11 உள்ளூரில், 11 வெளியூரில். மொத்தம் 154 ஆட்டம். மழையில் நின்றுபோவது, அதை ஈடுகட்ட ஒரே நாளில் இரண்டு ஆடுவது என்று அட்டவணை ஏறுக்குமாறாக ஓடுவதால், எல்லா அணிகளும் ஒரே எண்ணிக்கையில் ஆடி முடித்த நாள் என்று ஒன்று அபூர்வமாகத்தான் வரும். ஆகவே இரு அணிகளின் வெற்றி வித்தியாசத்தையும் தோல்வி வித்தியாசத்தையும் கூட்டிப் பாதியாக்குவார்கள். ஆகஸ்ட் 11 அன்று முதல் ஆட்டம் முடிந்தபோது டாட்ஜர்ஸுக்கு 70 வெற்றி, 35 தோல்வி. ஜயன்ட்ஸுக்கு 59 வெற்றி, 51 தோல்வி. வெற்றியில் 11, தோல்வியில் 16. கூட்டினால் 27, பாதி பதின்மூன்றரை. அன்றே நடந்த இரண்டாவது ஆட்டத்தில் டாட்ஜர்ஸ் தோற்றது, இடைவெளி 13 ஆனது. ஆனாலும் எழுதுகிறவர்கள் எல்லோரும் பெரிய எண்ணையே பிடித்துக்கொண்டார்கள்.

அந்த இரவுக்குப் பிறகு டாட்ஜர்ஸ் ஆடியது 48 ஆட்டம். 26 வெற்றி, 22 தோல்வி. பாதிக்கு மேல் ஜெயித்த அணியைச் சரிந்துவிட்டது என்று எப்படிச் சொல்வது? அதே காலத்தில் ஜயன்ட்ஸ் ஆடியது 44; அதில் 37 வெற்றி. ஆகஸ்ட் 12 முதல் 27 வரை மட்டும் தொடர்ச்சியாக 16 வெற்றி. பின்னால் வருகிறவன் இப்படி ஓடினால் நிதானமாக நடக்கிறவன் நின்றுவிட்ட மாதிரித்தான் தெரியும். செப்டம்பர் 30 முடிந்தபோது இரண்டு அணிக்கும் 96 வெற்றி, 58 தோல்வி. கட்டுரையில் ஓரிடத்தில் 96 என்றும் அட்டவணையில் 98 என்றும் இருப்பது அச்சுப்பிழை அல்ல. சமநிலையை உடைக்க ஆடிய மூன்று ஆட்டங்களையும் லீக் கணக்கிலேயே சேர்த்தார்கள். அதனால் ஜயன்ட்ஸ் 98-59, டாட்ஜர்ஸ் 97-60 என்று முடிந்தது. இதை ஒரு வரியில் விளக்கியிருக்கலாம்.

ஜயன்ட்ஸ் மாறியது ஆகஸ்டில் அல்ல, மே மாதத்தில். ஏப்ரலில் தொடர்ந்து 11 ஆட்டம் தோற்று 2-12 என்று தொடங்கிய அணி அது. மேலாளர் லியோ டுரோஷர் முதலில் செய்தது ஓர் இடமாற்றம்: முதல் பேஸில் (ரன் எடுக்க ஓடிச் சுற்ற வேண்டிய நான்கு முனைகளில் முதலாவது) தடுமாறிக்கொண்டிருந்த மான்டி இர்வினை இடது களத்துக்கு அனுப்பி, அங்கிருந்த வைட்டி லாக்மனை முதல் பேஸுக்குக் கொண்டுவந்தார். இர்வின் அந்த ஆண்டு தன் அடிகளால் அணிக்கு 121 ரன்கள் சேர்த்து லீகிலேயே முதலிடம் பிடித்தார். மே 25-ல் கீழ்மட்ட லீகில் ஆடிய மினியாபொலிஸ் அணியிலிருந்து வில்லி மேஸ் வந்தார். அங்கே அவருடைய சராசரி .477; பாதி வாய்ப்புக்குச் சற்றுக் குறைவாக ஹிட், அதாவது பேஸை எட்டும் அடி. இங்கே முதல் 12 பேட்டிங் வாய்ப்பில் ஒரு ஹிட்கூட இல்லை. பதின்மூன்றாவதில் வாரன் ஸ்பான் என்ற பந்து வீச்சாளரின் பந்தைச் சுவருக்கு வெளியே, அதாவது ஹோம் ரன், அடித்தார். அவர் நடுக்களத்தை எடுத்துக்கொண்டதால் அங்கே ஆடிவந்த பாபி தாம்சனுக்கு நிலையான இடம் இல்லாமல் போனது. ஜூலையில் அவரை மூன்றாவது பேஸில் நிறுத்தினார்கள், அதன் பிறகுதான் அவர் ஆட்டம் சூடுபிடித்தது. பந்து வீச்சாளர்கள் கணக்கில் எழுதப்பட்ட வெற்றிகள்: சால் மாக்லி 23, லாரி ஜான்சன் 23, ஜிம் ஹெர்ன் 17. இந்த மூவரையும் கட்டுரை ஒரே வாக்கியத்தில் கடந்துபோகிறது. எனக்கு இதுதான் பெரிய குறையாகப் படுகிறது.

இனி தொலைநோக்கி. ஜயன்ட்ஸின் உள்ளூர் மைதானமான போலோ கிரவுண்ட்ஸின் அமைப்பு தெரியாமல் இது புரியாது. குளியல் தொட்டி போல் நீண்ட மைதானம். இடது கோட்டோரம் 279 அடி, வலது கோட்டோரம் ஏறக்குறைய 258 அடி, நேர் நடுவிலோ 480 அடியை ஒட்டி. வீரர்களின் உடை மாற்றும் கட்டடம் அந்த நடுக்கோடியில் இருந்தது. அதன் ஜன்னலிலிருந்து பார்த்தால் எதிரே கேட்சர் தொடைக்கு நடுவில் விரல் காட்டுவது நேராகத் தெரியும். பயிற்சியாளர் ஹெர்மன் ஃபிராங்க்ஸ் அங்கே உட்கார்ந்து பார்ப்பார். பொத்தானை அழுத்தினால் வலப்பக்கக் களத்திலேயே இருந்த புல்பென்னில் (மாற்றுப் பந்து வீச்சாளர்கள் தயாராகும் இடம்) மணி ஒலிக்கும். ஒருமுறை ஒலித்தால் வேகப்பந்து, இரண்டு முறை என்றால் கர்வ், அதாவது வளைந்து வரும் பந்து. புல்பென்னில் இருக்கும் மாற்று கேட்சர் சால் ஈவர்ஸ் தன் கையசைவால் அதைப் பேட்டருக்குத் தெரிவிப்பார். ஜூலை 20 வாக்கில் தொடங்கிய இந்த ஏற்பாடு 2001-ல்தான் ஒரு நாளிதழ் வழியாக முழுமையாக வெளியே வந்தது. இயந்திரம் வைத்துச் சைகை திருடக்கூடாது என்று அன்று எழுதப்பட்ட விதி கிடையாது என்பதையும் சொல்ல வேண்டும். அதனால் அது நேர்மை ஆகிவிடாது.

ஆனால் அதன் பலன் எவ்வளவு? முதலாவது, அது உள்ளூரில் மட்டும்தான் வேலை செய்யும். செப்டம்பர் 29, 30 இரண்டு நாளும் ஜயன்ட்ஸ் ஆடியது பாஸ்டனில். மாக்லி 3-0, ஜான்சன் 3-2 என்று ஜெயித்துக் கொடுத்தார்கள். இன்னொன்று, திருட்டு தொடங்கிய பிறகு அணியின் உள்ளூர் பேட்டிங் சராசரி கூடவில்லை, சற்றுக் குறைந்தது, கூடியது வெளியூரில். பந்தின் வகை தெரிந்தாலும் அது உள்ளே வருமா, வெளியே போகுமா, எந்த உயரம் என்பது தெரியாது. தகவல் வேண்டாம், கவனம் சிதறுகிறது என்று ஒதுக்கிய வீரர்களும் உண்டு. ஆகஸ்ட் 15 அன்று மேஸ் ஓடிப் பிடித்த பந்தைச் சுழன்று எறிந்து, ரன் எடுக்கக் கடைசி முனையான ஹோம் பிளேட்டுக்கு வந்த டாட்ஜர்ஸ் வீரர் பில்லி காக்ஸை அவுட் ஆக்கினாரே, அந்த எறிதலை எந்த லென்ஸ் சொல்லிக் கொடுத்தது?

கடைசி மூன்று ஆட்டங்களுக்கு வருவோம். நாணயச் சுண்டலில் ஜெயித்தது டாட்ஜர்ஸ். முதல் ஆட்டத்தைத் தங்கள் எபட்ஸ் ஃபீல்டில் வைத்துக்கொண்டு, மற்ற இரண்டையும் போலோ கிரவுண்ட்ஸுக்கு விட்டுக் கொடுத்தார்கள். தலைகீழாக எடுத்திருக்க வேண்டும். ரால்ஃப் பிராங்கா வீசிய முதல் ஆட்டம் 3-1 என்று ஜயன்ட்ஸுக்குப் போனது. அதிலும் தாம்சன் அவர் பந்தில் ஒரு ஹோம் ரன் அடித்தார். இரண்டாவதில் கிளெம் லேபைன் வீச, டாட்ஜர்ஸ் 10-0. அக்டோபர் 3-ல் மூன்றாவது. அதற்கு டான் நியூகோம்பை இறக்கினார்கள். செப்டம்பர் 29-ல் முழு 9 இன்னிங்ஸ், மறுநாள் பிலடெல்ஃபியாவில் 14 இன்னிங்ஸ் நீண்ட ஆட்டத்தில் இடையில் வந்து ஐந்தே முக்கால் இன்னிங்ஸுக்குச் சற்றுக் குறைவு, இன்று மறுபடியும் எட்டைத் தாண்டி. ஐந்து நாளில் 23 இன்னிங்ஸ். சரிவு என்று எதையாவது சொல்வதென்றால் அந்தத் தோள்பட்டையைச் சொல்லலாம்.

கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸ் தொடங்கும்போது டாட்ஜர்ஸ் 4-1 முன்னிலை. ஆல்வின் டார்க் ஒரு ஹிட் அடித்து முதல் பேஸுக்கு வந்தார். மூன்று ரன் முன்னிலை இருக்கும்போது அந்த ஒருவர் பேஸ் திருடினால் (பந்து அடிபடும் முன்பே அடுத்த பேஸுக்கு ஓடினால்) என்ன, திருடாவிட்டால் என்ன? ஆனாலும் முதல் பேஸ் ஆட்டக்காரர் கில் ஹாட்ஜஸ் டார்க்கைப் பிடித்து வைக்கப் பேஸை ஒட்டியே நின்றார். அடுத்து டான் மியூலர் அடித்த பந்து, ஹாட்ஜஸ் வழக்கமாக நிற்கும் இடம் காலியாக இருந்ததால் அவர் கைக்கு எட்டாமல் வலது களத்துக்குப் போனது. அவர் விலகி நின்றிருந்தால் இரட்டை அவுட் கிடைத்திருக்கக்கூடும். அடுத்து வந்த இர்வின் எளிய கேட்ச் கொடுத்து வெளியேறினார் என்பதைச் சேர்த்துப் பாருங்கள்: மூன்று அவுட், ஆட்டம் முடிந்தது. பட்டம் கைமாறியது இங்கே என்பது என் கருத்து. கட்டுரையில் இந்தப் பந்தைப் பற்றி ஒரு சொல் இல்லை.

பிறகு லாக்மன் இடது பக்கம் இரண்டு பேஸ் ஹிட். டார்க் ரன் எடுத்தார். மூன்றாவது பேஸுக்குச் சறுக்கிய மியூலர் கணுக்காலில் அடிபட்டுத் தூக்கிச் செல்லப்பட்டார். 4-2. நியூகோம்புக்குப் பதில் பிராங்கா. புல்பென்னில் கார்ல் எர்ஸ்கினும் தயாராகத்தான் இருந்தார், அவருடைய கர்வ் தரையில் குத்தியதால் பிராங்காவை அனுப்பினார்கள். தாம்சனுக்கு நான்கு பந்து வெளியே போட்டு இலவசமாக முதல் பேஸ் கொடுத்திருக்கலாம் என்கிறார் கட்டுரையாளர். அடுத்து காத்திருந்தவர் அனுபவமில்லாத மேஸ். ஆனால் அப்படிக் கொடுப்பது அவ்வளவு எளிதல்ல. தாம்சன்தான் வெற்றி ரன்; அவரைத் தாங்களே பேஸில் ஏற்றுவதை அந்தக் கால மேலாளர்கள் யாரும் விரும்பமாட்டார்கள். டாட்ஜர்ஸ் மேலாளர் சார்லி டிரெசனை நான் குறை சொல்லமாட்டேன்.

முதல் பந்து ஸ்ட்ரைக், அதாவது பேட்டருக்கு எதிராக எண்ணப்படும் பந்து. இரண்டாவது, உள்ளே உயர்ந்து வந்த வேகப்பந்து. தாழ்வாக வெளியே ஒரு கர்வ் போடுவதற்கு முன்னேற்பாடாக வீசியது. தாம்சன் அதை அடிக்க, இடது சுவரைத் தாண்டி, 315 அடிக் குறிக்கு அருகே கீழ்த்தட்டில் விழுந்தது. மூன்று ரன், பட்டம் ஜயன்ட்ஸுக்கு. எபட்ஸ் ஃபீல்டில் அந்தப் பக்கம் கோட்டோரமே 340 அடிக்கு மேல். நாணயத்தை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். அந்தப் பந்துக்கு மணி ஒலித்ததா என்பது தனி வழக்கு. குறிப்பு வாங்கவில்லை என்றே தாம்சன் சொல்லிவந்தார். தவிர, அப்போது லாக்மன் இரண்டாவது பேஸில் நின்றார். அங்கே எதிரணி ஆள் நின்றால் அவர் கண்ணுக்கே சைகை தெரியும் என்பதால் கேட்சர்கள் பல விரல் காட்டி, அதில் ஒன்றை மட்டும் உண்மையாக வைப்பார்கள். தொலைநோக்கி வைத்திருப்பவரும் அந்தப் புதிரை அவிழ்த்தாக வேண்டும்.

கடைசியாகப் படக்குறிப்பு. இடது சுவரோரம் அண்ணாந்து நிற்பவர் டியூக் ஸ்னைடர் என்று போட்டிருக்கிறீர்கள். ஸ்னைடர் நடுக்களம். படத்தில் நிற்பவர் ஆண்டி பாஃப்கோ. அந்த ஜூன் மாதம்தான் சிகாகோவிலிருந்து டாட்ஜர்ஸுக்கு வந்தவர். அவருக்குப் பின்னால் இருக்கைகள் காலியாகத் தெரிவதும் படத்தின் கோளாறு அல்ல. 50,000 பேருக்கு மேல் அமரக்கூடிய மைதானத்துக்கு அன்று வந்தவர்கள் 34,320 பேர்.

இங்ஙனம்,
ஒரு வாசகர்